ஐம்பத்தேழாம் பக்கத்தில் மூன்று வரி

தென்காசித் தபால்காரர் ஆறுமுகநயினாருக்குத் தேதிக் கிறுக்கு உண்டு. இந்தப் பட்டத்தைக் கொடுத்தவள் அவர் மனைவி பாலம்மாள்; ஊரும் அதை மறுக்கவில்லை. கடிதத்தின் மேல் முத்திரை குத்தும்போது தேதி தெளிவாக விழாவிட்டால் அன்றைக்கு அவருக்குச் சோறு இறங்காது. யார் எதைப் பேசினாலும் "அது எந்த வருஷம்?" என்று குறுக்கே விழுவார். துக்க வீட்டில்கூட விட்டுவைக்க மாட்டார். ஆய்க்குடியில் ஒருமுறை செத்தவருடைய மச்சான் அடிக்கவே வந்துவிட்டான்.

எட்டாம் வகுப்போடு படிப்பு நின்றுபோன மனிதர். ஆனால் சாரல் காலத்தில் இரண்டு மாதம் அவருக்குக் குற்றாலத்தில் வேலை. மதுரையிலிருந்தும் சென்னையிலிருந்தும் வக்கீல்களும் காலேஜ் வாத்தியார்களும் பங்களா எடுத்துத் தங்குவார்கள். அவர்களுக்குத் தபால் கொடுக்கப் போகிற இடத்தில் மேஜைமேல் கிடக்கும் சரித்திரப் புத்தகங்களை நயினார் கண்ணால் மேய்வார். "நாளைத் தபாலோட திருப்பித் தந்திருதேன் சார்" என்று பணிவாகக் கேட்டால் யார் மறுப்பார்கள்? ஐந்தருவிப் பாதையில் ஒரு மரத்தடியில் உட்கார்ந்து, வருஷத்தையும் அதற்கு நேரே அந்த வருஷம் நடந்ததையும் நோட்டில் எழுதிக்கொள்வார். இங்கிலீஷ் அரைகுறைதான். எண்ணுக்கு இங்கிலீஷ் என்ன, தமிழ் என்ன! பத்து சாரலில் ஏழு நோட்டு நிறைந்துவிட்டது.

பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளைகள், மேடையில் பேசப் போகிறவர்கள், பந்தயம் கட்டிக்கொண்டவர்கள் எல்லாரும் அவரைத் தெருவில் மறித்து வருஷம் கேட்க ஆரம்பித்தார்கள். தமிழில் சட்டென்று புரட்டிப் பார்க்க அவர்களிடம் ஒரு புத்தகம் கிடையாது. நயினார் நடையை நிறுத்தாமலே பதில் சொல்லிக்கொண்டு போவார். இப்படியே எத்தனை நாள் சொல்வது, அச்சில் போட்டுவிட்டால் என்ன என்று ஒருநாள் தோன்றியது. பாலம்மாள் வாயாரத் திட்டினாள். திட்டி முடித்துவிட்டுக் காதிலிருந்த பாம்படத்தைக் கழற்றிக் கொடுத்தாள்.

1933இல் 'சரித்திர வருஷக் கையேடு' வெளிவந்தது. தொண்ணூற்றாறு பக்கம், ஐந்நூறு பிரதி. மாணவர்க்கும் பொதுமக்களுக்கும் என்று அட்டையிலேயே போட்டிருந்தார். முன்பாதி உலகமும் தேசமும். பின்பாதிக்கு 'நம் பக்கத்துச் சரித்திரம்' என்று பெயர். சென்னையிலிருந்து வருகிற புத்தகத்தில் ராஜாக்கள் எல்லாம் எங்கேயோ பிறந்து எங்கேயோ சாகிறார்கள், நம் ஊரில் ஒன்றுமே நடக்கவில்லையா என்பது அவருடைய பழைய கோபம். அதனால் தபால் பையோடு நடந்த ஊர்களிலெல்லாம் கல்வெட்டு, பட்டயம், பழைய பத்திரம் என்று தேடித் தேடிச் சேர்த்திருந்தார்.

புத்தகத்துக்கு நல்ல பேர். வடகரைப் பள்ளிக்கூடத்து யாக்கூப் வாத்தியார் வகுப்பில் அதைவைத்தே கேள்வி கேட்டார். வடகரைப் பண்ணையார் குற்றாலிங்கம் ஐம்பது பிரதி வாங்கி உறவுக்காரர்களுக்கெல்லாம் கொடுத்தார். ஜில்லா போர்டில் அவருக்குச் செல்வாக்கு இருந்தது. "இதை எல்லாப் பள்ளிக்கூடத்துலயும் வைக்கச் சொல்லுதேன், நீரு பாரும்" என்று நயினாரின் தோளைத் தட்டிச் சொன்னபோது பண்ணையாருக்குக் கண் கலங்கியிருந்தது. இவருக்கு எதற்குக் கண் கலங்க வேண்டும்? புத்தகம் எழுதியவனுக்கு அந்தக் கேள்வி வந்திருக்க வேண்டும். வரவில்லை. புகழ் காதில் விழுகிற நேரத்தில் வேறு எது கேட்கும்?

அடுத்த ஆண்டு புரட்டாசி மாதம், ஒரு காலை நேரம். வடகரைப் பள்ளிக்கூடத்துக்குத் தபால் கொண்டுவந்த நயினார், தன் புத்தகத்தைப் பிள்ளைகள் பாடம் சொல்கிற சத்தம் கேட்டு வாசலிலேயே நின்றுவிட்டார்.

"தாது வருஷப் பஞ்சத்தில் வடகரையில் கஞ்சித் தொட்டி வைத்தவர் யார்?" என்று யாக்கூப் வாத்தியார் கேட்டார்.

"நல்லகண்ணு என்னும் தருமவான்!" என்று நாற்பது குரல் ஒன்றாகக் கத்தின.

பள்ளிக்கூடத்தைப் பெருக்கி, குடத்தில் தண்ணீர் எடுத்து வைக்கிறவள் பேச்சித்தாய். அறுபத்தைந்து வயதிருக்கும். புருஷனும் இல்லை, பிள்ளையும் இல்லை. பள்ளிக்கூடத்தை ஒட்டி ஒரு ஓலைக் குடிசை. அவள் குடத்தை இறக்கி வைத்துவிட்டு, முந்தானையில் கையைத் துடைத்தபடி நயினாருக்கு எதிரே வந்து நின்றாள்.

"இந்தப் பாடம் நீங்க எழுதுனதாமே?"

"ஆமா ஆச்சி" என்றார் நயினார், மகிழ்ச்சியோடு.

"யாரைக் கேட்டு எழுதுனீக?"

"யாரைக் கேக்க? கல்லுலயே இருக்கு. மேக்கே ரோட்டோரம் கல்தொட்டி கிடக்குல்லா, அதுல வெட்டியிருக்கு. தாது வருஷம் ஆனி மாசம் நல்லகண்ணு தர்மம்னு."

"கல்லு கஞ்சி குடிச்சுதா?" என்றாள் பேச்சித்தாய்.

நயினாருக்குச் சுருக்கென்றது. அவள் குரலை உயர்த்தவே இல்லை. குடத்தின் பக்கத்தில் குத்தவைத்து உட்கார்ந்தாள்; அவரும் பையை இறக்கி வைத்தார்.

"எனக்கு அப்போ எட்டு வயசு இருக்கும். கெழக்கே கரிசக்காட்டுல இருந்து நடந்து வந்தோம். எங்க அம்மை, நான், கைப்பிள்ளைத் தம்பி. மேக்கே ஆத்துத்தண்ணி உண்டு, நெல்லு உண்டுன்னு சொன்னாக. நெல்லு இருந்துது. பூட்டும் இருந்துது. நல்லகண்ணு களஞ்சிய வாசல்ல மூணு நாளு நின்னோம். பூட்டு என் தலை மொத்தம் இருக்கும். மூட்டை மூட்டையா வெளியூருக்கு வண்டியில ஏறிப் போகுது, நாங்க பாத்துக்கிட்டே நிக்கோம். மூணாம் நாளு, தண்ணியாவது குடிப்போம்னு அம்மை அந்தத் தொட்டிக்கு வந்தா. அதுவும் காஞ்சு கிடக்கு. அதுல தலையைச் சாச்சுப் படுத்தவ எந்திரிக்கல. தம்பி மறுநாளு போயிட்டான்."

"நீங்க?" என்று கேட்டார் நயினார்.

"நெசவுக்காரத் தெருவுல ஹாஜரா பீவின்னு ஒரு அம்மா. அவுக வீட்டுலயும் அரிசி கிடையாது. பாவு நூலுக்குப் போட ஒரு சட்டியில கஞ்சிப்பசை காச்சி வச்சிருந்தாக. அதை நூலுக்குப் போடாம எனக்கு ஊத்துனாக. நாலு நாளு அதான் சாப்பாடு. தறி நின்னுபோச்சு. அப்புறம் அவுக வீட்டுலயே வளந்தேன்."

உள்ளே பிள்ளைகள் மறுபடி "நல்லகண்ணு என்னும் தருமவான்!" என்று கத்தினார்கள். பேச்சித்தாய் எழுந்து குடத்தை எடுத்துக்கொண்டாள். "அந்த வீட்டை ஊரே பூட்டு வீடுன்னு சொல்லுது. ஏன்னு ஒருத்தரைக் கேக்கக்கூடாதா ஐயா? செத்த வீட்டுலயெல்லாம் வருசம் கேப்பீகளாமே."

நயினார் நேராகக் கல்தொட்டிக்குப் போனார். ஆறடி நீளத்துக்கு மாடு தண்ணீர் குடிக்கிற தொட்டி. எழுத்து இருந்த பக்கம் பாதிக்கு மேல் மண்ணில் புதைந்திருந்தது. இரண்டு வருஷத்துக்கு முன்னால் தபால் பையைத் தோளில் போட்டபடி, நின்றவாக்கில் மேல்வரியை மட்டும் படித்துவிட்டுப் போனது நினைவுக்கு வந்தது. ஒரு கம்பை எடுத்து மண்ணைக் கிளறினார். இரண்டாம் வரி வெளியே வந்தது. கொல்லம் 991.

எண்ணூற்றிருபத்தைந்தைக் கூட்டினால் இங்கிலீஷ் வருஷம். திருவிதாங்கூர் எல்லை கூப்பிடு தூரத்தில் இருக்கிற ஊர்களில் பிள்ளைகளுக்கும் தெரிந்த கணக்கு இது. 1816.

நம் வருஷங்களுக்குப் பெயர் அறுபதுதான். அறுபதும் தீர்ந்தால் முதலில் இருந்து சுற்றும். 1876 தாது என்றால் 1816ம் தாதுதான். ஆனால் தாது என்ற பேரைக் கேட்டதும் யாருக்கும் பஞ்சத்தைத் தவிர வேறு நினைப்பு வராது. நயினாருக்கும் வரவில்லை. தாது, தொட்டி, தர்மம், மூன்றையும் சேர்த்துப் பார்த்தார். கஞ்சித் தொட்டி என்று அவர் மனசே முடிவு கட்டிவிட்டது. பெயரிலும் ஒரு குழி இருந்தது. தாத்தா பெயரைப் பேரனுக்கு இடுகிற ஊர். தொட்டியை வெட்டி வைத்தவர் பழைய நல்லகண்ணு. களஞ்சியத்தைப் பூட்டியவர் அவருடைய பேரன், அதே நல்லகண்ணு. தாத்தாவின் தருமத்தைப் பேரன் தலையில் கிரீடமாக வைத்தது ஒரு தபால்காரரின் பேனா. தேதி முத்திரை மங்கினால் சோறு இறங்காத மனிதர் அறுபது வருஷத்தைத் தப்பாகக் குத்திவிட்டார்.

அன்று வீட்டுக்கு வந்தவர் ஒன்றும் சாப்பிடவில்லை. பாலம்மாள் விஷயத்தைக் கேட்டுவிட்டு, "அழிச்சு எழுத வேண்டியதுதானே" என்றாள்.

"நானூறு புஸ்தகம் வெளியே போயிட்டு பாலம்மா."

"நீங்க தினமும் வெளியேதானே போறீக" என்றாள் அவள்.

யோசனை அப்படித்தான் வந்தது. ஐம்பத்தேழாம் பக்கத்தில் அந்தச் செய்தி சரியாக மூன்று வரி. அதே அளவில் ஒரு துண்டு அச்சடித்து, ஒவ்வொரு பிரதியையும் தேடிப் போய் மேலே ஒட்டிவிட வேண்டியது. கீழ் வரியில் செங்கோட்டைக்கு ரயில் வந்த வருஷம் இருந்தது. அதை மறைக்க முடியாது. ஆக மூன்றே வரி. அதற்குள் என்ன எழுதுவது?

முதலில் குற்றாலிங்கத்திடம் போனார். ஒளித்துச் செய்யக்கூடாது என்று நினைத்தார். பூட்டு வீட்டு நல்லகண்ணுவின் பேரன்தான் குற்றாலிங்கம். நயினார் கொல்லம் ஆண்டுக் கணக்கைச் சொல்லி முடித்தார்.

"எங்க தாத்தா பூட்டுனாரு. தெரியும்வே. நான் என்னத்தைப் பூட்டுனேன்?" என்றார் பண்ணையார். "சின்னப்பிள்ளையில பள்ளிக்கூடம் போனா, பின்னால பூட்டு பூட்டுன்னு சொல்லிக்கிட்டு வருவானுவ. என் மகளுக்கு மாப்பிள்ளை பாக்கப் போனா அங்கனயும் அதே பேச்சு. உம்ம புஸ்தகத்தைப் பாத்த அன்னைக்கு, ஊருதான் தப்பாச் சொல்லியிருக்கு போலன்னு நம்பிட்டேன். நம்பணும்னு எனக்கு ஆசை."

நயினாருக்கு அவரைப் பார்க்கப் பாவமாக இருந்தது. அவர் கண் அன்றைக்கு ஏன் கலங்கியது என்று இப்போது புரிந்தது.

"சரி, ஒண்ணு செய்யும்" என்றார் குற்றாலிங்கம். "தொட்டி 1816இல பழைய நல்லகண்ணு வச்சதுன்னு போடும். அது நிசந்தானே? நீரு எப்படித் தவறுனீருன்னும் அதுலயே தெரிஞ்சிரும். உமக்கும் கௌரவம், எனக்கும் கௌரவம். பஞ்சத்தை விட்டிரும். போர்டுக் காரியத்தை நான் பாத்துக்கிடுதேன்."

நியாயமான பேச்சு. பொய் ஒரு சொல்லும் கிடையாது. நயினார் வீட்டில் உட்கார்ந்து அதை எழுதியே பார்த்தார். 'இக்கல்லின் தாது, கொல்லம் 991க்கு ஒத்த முந்திய தாதுவாகும்' என்று தொடங்கி அழகாக மூன்று வரியில் அடங்கியது. படித்தவர்கள் பார்த்தால், தபால்காரன் என்றாலும் எவ்வளவு நுணுக்கம் என்று மெச்சுவார்கள்.

மறுநாள் அந்தத் தாளைப் பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுபோய்ப் பேச்சித்தாய்க்கு வாசித்துக் காட்டினார். அவள் துடைப்பத்தை மடியில் வைத்துக்கொண்டு முழுதும் கேட்டாள்.

"இதுல எங்க அம்மை பேரு எங்கன வருது?"

"இல்ல ஆச்சி. இது சரித்திரப் புஸ்தகம். இதுல வந்து..." என்று நயினார் இழுத்தார். ராஜாக்கள், சண்டைகள், கவர்னர்கள், கோபுரம் கட்டியவர்கள், ரயில் விட்டவர்கள். ஐந்நூறு பேர் இருக்கிற புத்தகம். அதில் பட்டினியால் செத்த ஒருத்தி பெயர் கிடையாது. பஞ்சத்துக்கே மூன்று வரி கொடுத்து, அந்த மூன்று வரியையும் சாப்பாடு இருந்தவனுக்குக் கொடுத்தாயிற்று.

"மூக்கம்மாள்னு பேரு" என்றாள் பேச்சித்தாய். "அந்தப் பேரு தெரிஞ்சவ இந்த உலகத்துல நான் ஒருத்திதான். நானும் போயிட்டா அப்படி ஒருத்தி இருந்தாங்கறதே இல்லாமப் போயிரும்."

"பூட்டுன விஷயத்தையும் எழுதிரட்டுமா?"

அவள் துடைப்பத்தைக் கீழே வைத்தாள். "வேண்டாம். அவரு பேரப்பிள்ளை இங்கன இருக்காரு, பிள்ளைகுட்டி இருக்கு. பிள்ளைகளு பாட்டாப் பாடிரும். அவரு பேரை எடுத்திருங்க, போதும். அந்த எடத்துல எங்க அம்மை பேரைப் போடுங்க. எனக்குக் கஞ்சி ஊத்துனவுக பேரையும் போடுங்க."

நயினார் கையிலிருந்த தாளை மடித்துப் பைக்குள் வைத்தார். அந்த அழகான மூன்று வரியை விட அவருக்கு மனசே இல்லை. அதுதான் உண்மை, மறைப்பானேன். மாற்றி ஒட்டிவிட்டுக் காரணமும் சொல்லாமல் இருந்தால், பண்ணையாரிடம் நெல் வாங்கிக்கொண்டு எழுதினான், இப்போது தகராறு, அதனால் பேரை எடுத்துவிட்டான் என்று ஊர் பேசும். போர்டுக் காரியமும் அவ்வளவுதான். தெரிந்தேதான் அச்சாபீஸுக்குப் போனார்.

துண்டில் இப்படி இருந்தது: '1877. தாது வருஷப் பஞ்சம். வடகரைக் கல்தொட்டி அருகே மூக்கம்மாளும் அவள் கைக்குழந்தையும் பசியால் இறந்தனர். அவள் மகளுக்குக் கஞ்சி கொடுத்துக் காத்தவர் ஹாஜரா பீவி.'

குற்றாலிங்கத்திடமும் ஒரு துண்டைக் கொண்டுபோய்க் கொடுத்தார். "பழைய நல்லகண்ணு பேரு 1816க்கு நேரே வரணும் அண்ணாச்சி. அது அம்பத்தஞ்சாம் பக்கம், அங்கன ஒரு வரிக்கும் எடமில்ல. அடுத்த பதிப்புல கட்டாயம் போடுதேன்." பண்ணையார் துண்டைப் படித்தார். "அடுத்த பதிப்பு வந்தாப் பாப்போம்" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார். அதன்பின் பத்து வருஷம் அவர் நயினாரோடு பேசவில்லை. தபாலை வேலைக்காரன்தான் வாங்கிக்கொள்வான். போர்டில் யாரும் அந்தப் புத்தகத்தைப் பற்றி வாயே திறக்கவில்லை.

பாலம்மாள் தினமும் காலையில் சோற்றுக் கஞ்சியில் பசை காய்ச்சி ஒரு தேங்காய்ச் சிரட்டையில் ஊற்றிக் கொடுப்பாள். நயினார் ஒரு கையில் தபால், ஒரு கையில் சிரட்டை என்று புறப்படுவார். பள்ளிக்கூடங்கள், வாசகசாலை, வக்கீல் வீடு, ஜவுளிக்கடை. "புஸ்தகத்தைக் கொஞ்சம் தாங்க, அம்பத்தேழாம் பக்கத்துல ஒரு சின்ன வேலை இருக்கு." சிலர் சிரித்தார்கள். சிலர், ராஜாக்களுக்கு நடுவில் மூக்கம்மாள் யார், உங்கள் அத்தையா என்று கேட்டார்கள். ஆய்க்குடியில் ஒருவர், எழுதத் தெரியாதவன் எழுதினால் இப்படித்தான் ஒட்டிக்கொண்டு திரிய வேண்டும் என்று முகத்துக்கு நேரே சொன்னார். நயினார் ஒட்டி, விரலால் நாலு முனையையும் அழுத்தி, ஈரம் காயும்வரை ஊதிக்கொண்டு நின்றார்.

குற்றாலத்தில் வாங்கிப் போனவர்கள்தான் பெரும்பாடு. ஆனால் தபால்காரருக்கு விலாசம் மறக்குமா? தூத்துக்குடி, மதுரை, கொழும்பு என்று எல்லாருக்கும் துண்டை உறையில் வைத்து, ஒட்ட வேண்டிய விதத்தையும் எழுதி அனுப்பினார். பாதிப் பேர் பதில் போட்டார்கள். கொழும்பிலிருந்து ஒருவர் புத்தகத்தையே திருப்பி அனுப்பி, நீங்களே ஒட்டித் தாருங்கள் என்று கேட்டிருந்தார். நாலு வருஷம் நடந்தது இந்தக் கூத்து. இருபத்து மூன்று பிரதி மட்டும் கடைசிவரை அகப்படவில்லை. அந்த இருபத்து மூன்றிலும் நல்லகண்ணு இன்னமும் கஞ்சி ஊற்றிக்கொண்டுதான் இருப்பார்.

வடகரைப் பள்ளிக்கூடத்துப் பிரதியில் துண்டு ஒட்டிய அன்று பேச்சித்தாய் பக்கத்திலேயே நின்றாள். எழுத்துத் தெரியாது. "எங்கன இருக்கு?" என்றாள். நயினார் அவள் விரலைப் பிடித்துத் துண்டின்மேல் வைத்தார். பக்கத்தைவிட அது கொஞ்சம் தடிப்பு. ஓரம் விரலில் தட்டியது. அவள் அதை நாலு பக்கமும் தடவிப் பார்த்தாள். அன்றிலிருந்து பள்ளிக்கூடம் விட்டபின், பெருக்கி முடித்துக் கையைக் கழுவிக்கொண்டு, யாக்கூப் வாத்தியாரிடம் புத்தகத்தை வாங்கித் தாளைப் புரட்டி, அந்தத் தடிப்பு தட்டும்வரை தேடுவாள். தட்டியதும் கொஞ்ச நேரம் விரலை அங்கேயே வைத்திருப்பாள். பிறகு மூடிக் கொடுத்துவிடுவாள். வாத்தியார் ஒருநாளும் ஏன் என்று கேட்டதில்லை.

பத்து வருஷம் போயிற்று. யுத்த காலம், காகிதத்துக்குப் பஞ்சம். நயினார் பென்ஷனுக்கு வந்துவிட்டார். பழைய பிரதிகள் கிழிந்துபோய், பிள்ளைகள் கேட்டுக் கேட்டு, 1944இல் எப்படியோ இரண்டாம் பதிப்பு வந்தது. மங்கலான தாள், சின்ன எழுத்து. இந்தமுறை ஒவ்வொரு ஊரிலும் பெருக்குகிறவள், தண்ணீர் சுமக்கிறவன், எல்லாரையும் கேட்டு எழுதியிருந்தார். 1816க்கு நேரே பழைய நல்லகண்ணுவின் கல்தொட்டியும் முறையாக இடம்பெற்றது. குற்றாலிங்கம் ஆள் அனுப்பி ஒரு பிரதி வாங்கிக்கொண்டார். மறுவாரம் தெருவில் எதிர்ப்பட்டபோது, "சொன்னபடி போட்டுட்டீரே" என்றார். அவ்வளவுதான். நயினாருக்கு அது போதும்.

ஐம்பத்தேழாம் பக்கம் அதே ஐம்பத்தேழாம் பக்கமாக வரவேண்டும் என்று அச்சாபீஸில் சண்டை போட்டு வாங்கியிருந்தார். மூக்கம்மாள் பெயர் இப்போது ஒட்டுத் துண்டில் இல்லை, புத்தகத்திலேயே அச்சாகிவிட்டது. அதைவிடப் பெரிய மரியாதை என்ன இருக்கிறது? புத்தகம் கைக்கு வந்ததுமே முதல் பிரதியை எடுத்துக்கொண்டு காலை வெயிலில் வடகரைக்குப் போனார்.

பேச்சித்தாய் இப்போது வேலைக்குப் போவதில்லை. எழுபத்தைந்து வயது, பார்வை மங்கல். குடிசை வாசலில் உட்கார்ந்திருந்தாள். நயினார் ஐம்பத்தேழாம் பக்கத்தைத் திறந்து அவள் மடியில் வைத்தார். அவள் விரல் பக்கத்தின் மேலிருந்து கீழே போனது. மறுபடி மேலே வந்தது. ஓரமாகப் போய்த் தேடியது. அவள் முகம் மாறிவிட்டது.

"எடுத்துட்டீகளா?"

"எதை ஆச்சி?"

"எங்க அம்மையை. இல்லியே இதுல. வழுவழுன்னு இருக்கே."

"இருக்கு ஆச்சி, இங்கனதான் இருக்கு, அச்சுல போட்டிருக்கு. வாசிக்கேன் கேளுங்க" என்று நயினார் பதறிப்போய் உரக்க வாசித்தார். அவள் கேட்டாள். ஆனால் விரல் வெறுந்தாளைத் தடவிக்கொண்டே இருந்தது. "நீங்க வாசிச்சா இருக்கு. நீங்க போனப்புறம் எனக்கு எங்கன இருக்கும்?" என்று கேட்டபோது அவள் கண்ணிலிருந்து நீர் வழிந்தது. பத்து வருஷத்தில் அவள் அழுது நயினார் பார்த்ததில்லை.

முதல் பதிப்பிலிருந்து மிஞ்சிய துண்டு ஒன்று அவர் பர்சில் எப்போதும் இருக்கும். அதை எடுத்தார். பசை இல்லை. எதிரே நெசவுக்காரத் தெருவில் தறிச் சத்தம் கேட்டது. ஹாஜரா பீவியின் பேரன் வீடு. அங்கே போய், அவன் மனைவி ஷரீபுன்னிசாவிடம், "தாயி, ஒரு சொட்டுப் பசை குடு. புஸ்தகத்துல ஒட்டணும்" என்றார். பாவுக்குக் காய்ச்சி வைத்திருந்த கஞ்சிப்பசையை அவள் ஒரு சிரட்டையில் ஊற்றிக் கொடுத்தாள்.

அச்சில் இருந்த மூன்று வரியின்மேல், அதே மூன்று வரியை நயினார் ஒட்டினார். முனைகளை அழுத்தினார். ஊதிக் காயவைத்தார். பிறகு பேச்சித்தாயின் விரலைப் பிடித்து அதன்மேல் வைத்தார்.

அவள் ஓரத்தைத் தடவினாள். நாலு பக்கமும் தடவினாள்.

"ஆங், இங்கன இருக்கா" என்றாள்.